என் காலில் விழுந்த தலைவர்

நான் வேலை செய்யும் அறையில் புத்தகங்கள் சுவரிலிருந்து விழுகின்றன. பென்சில்வேனியாவில் நாங்கள் இருக்கும் சிறிய ஊரின் பொது நூலகம் அது. வாசல் பக்கச் சுவரில் தபால் பெட்டியின் வாய் போல ஒரு திறப்பு வைத்திருக்கிறார்கள். படித்து முடித்தவர்கள் காரை அதன் ஓரமாக நிறுத்தி, கண்ணாடியை இறக்கி, புத்தகத்தை உள்ளே தள்ளிவிட்டுப் போய்விடுவார்கள். இறங்குவதில்லை, முகம் காட்டுவதில்லை. சுவருக்கு இந்தப் பக்கம், சக்கரம் வைத்த ஒரு தொட்டியில் அது தொம் என்று வந்து விழும். வந்த புதிதில் ஒவ்வொரு தொம்முக்கும் நான் நாற்காலியிலிருந்து எழுந்து நின்றேன். யாரோ வந்திருக்கிறார், நாம் உட்கார்ந்திருக்கிறோமே என்று ஒரு பதைப்பு. யாரும் வரமாட்டார்கள் என்று என் உடம்புக்குப் புரிய ஒரு வாரம் ஆனது. என்னைப் போன்ற கூச்சக்காரனுக்கு இதைவிடத் தோதான வேலை கிடைக்காது. ஆள் வராமல் புத்தகம் மட்டும் வருகிறது. அதை எடுத்துத் துடைத்து, எண் பார்த்து, தள்ளுவண்டியில் அடுக்கி, அலமாரியில் கொண்டுபோய் வைத்தால் போதும். வாயைத் திறக்க வேண்டியதில்லை.

முதல் நாள் மட்டும் என் பெயருக்காகத் திறக்க வேண்டியிருந்தது. ஏழுமலை என்று சொன்னேன். அந்த 'ழு'வில் மூன்று பேர் வழுக்கி விழுந்தார்கள். கடைசியில் மேற்பார்வையாளர் அம்மாள் அதை 'ஈலை' என்று சுருக்கி, இங்கே அப்படி ஒரு பெயர் இருக்கிறது, பைபிளில்கூட இருக்கிறது என்று சமாதானம் சொல்லி, ஈ, எல், ஐ என்று மூன்றே எழுத்தில் ஒரு அட்டை அடித்துச் சட்டையில் குத்திவிட்டார். அந்த அட்டையோடு ஒரு படம் எடுத்துப் பட்டினப்பாக்கத்தில் மீன் விற்கும் என் சிநேகிதன் அந்தோணிக்கு அனுப்பினேன். உடனே கூப்பிட்டான். "இன்னா நைனா, எலின்னு எயுதி மாட்டி உட்டுக்கிறானுங்க? பேப்பர் கடையில இருந்தப்பவே சொன்னேன்ல, நீ மன்சனே இல்லன்னு."

பேப்பர் கடை என்று அவன் சொன்னது மயிலாப்பூரில் குளத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் இருக்கும் பழைய பேப்பர் கடை. பத்தாவது முடித்துவிட்டு அங்கே சேர்ந்தவன், அமெரிக்கா வரும் வரை அங்கேதான் இருந்தேன். கடைக்காரர் திருநெல்வேலிப் பக்கத்து அண்ணாச்சி. செய்தித்தாள், வார இதழ், பரீட்சை முடிந்த பாடப் புத்தகம், நோட்டுப் புத்தகம் எல்லாம் எடைக்கு வரும். வேளச்சேரியில் வெள்ளம் வடிந்த வருடம், ஊறிப்போன கம்ப்யூட்டர் புத்தகங்கள் வண்டி வண்டியாக வந்து, உலர்த்த இடமில்லாமல் சந்து முழுக்க விரித்து வைத்தோம். அந்தக் கடையில் பேப்பரை மிதிக்காமல் ஒரு அடி நடக்க முடியாது. தரை என்று நாங்கள் சொன்னதே பேப்பர்தான். ஆனால் என்னை வளர்த்த விதம் வேறு. புத்தகம் காலில் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டும். "கால் புத்தகத்துல பட்டாலும் சரி, புத்தகம் கால்ல பட்டாலும் சரி, தப்பு காலோடதுதான்" என்பது என் அம்மாவின் தீர்ப்பு. வேலைக்குச் சேர்ந்த அன்று அடிக்கு ஒரு தரம் குனிந்து நிமிர்ந்து கொண்டிருந்தேன். அண்ணாச்சி மத்தியானம் வரை பொறுத்துப் பார்த்தார்.

"ஏல, ஒவ்வொண்ணுக்கும் குனிஞ்சு குனிஞ்சு கும்பிட்டா தராசு எப்பல ஓடும்? காலையில கடை தொறந்ததும் மொத்தமா ஒரு கும்பிடு போட்ரு. நாள் பூரா செல்லும்."

பஸ்ஸுக்கு ஒரு நாள் பாஸ் எடுப்பது போல அன்றிலிருந்து அப்படித்தான் செய்தேன். ஷட்டரைத் தூக்கியதும் கைக்கு எட்டிய ஒரு கட்டைத் தொட்டு இரண்டு கண்ணிலும் ஒற்றிக்கொள்வேன். பிறகு ராத்திரி பூட்டும் வரை காலுக்கு விடுதலை. அமெரிக்கா வந்த பிறகு இந்த ஏற்பாடு உபயோகமில்லாமல் போயிற்று. இங்கே புத்தகம் தரையில் கிடப்பதில்லை. எப்போதாவது ஒன்று விழுந்தால், பழையபடி அந்த ஒன்றுக்கு மட்டும் தனியாகக் கேட்டுக்கொள்ள வேண்டும். என் வம்பெல்லாம் இதிலிருந்துதான் வந்தது.

என் மனைவி அமுதாவின் அக்கா இங்கே பல காலமாக நர்ஸ். அவர் எங்களுக்காக மனுப் போட்டார், நாங்கள் அதை மறந்தே போன பிறகு விசா வந்தது. அமுதாவுக்கு ஒரு முதியோர் இல்லத்துச் சமையலறையில் வேலை. ஒரே மாதத்தில் அங்கிருப்பவர்களின் மருமகள்கள் பெயர்வரை அவளுக்குத் தெரிந்துவிட்டது. எனக்கு ஒரு வருடம் ஆகியும் ஒரே ஒருவரைத்தான் தெரியும். டாரத்தி. எண்பதை நெருங்கும் பெண்மணி, பள்ளிக்கூடத்து டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். இந்த ஊரிலேயே அவர் ஒருவர்தான் புத்தகத்தைச் சுவரில் தள்ளாதவர். பனியில் கைத்தடி ஊன்றி இறங்கி வந்து, என் அறைக் கதவைத் தட்டி, என் கையில் கொடுப்பார். ஒரு நாள் பேச்சுக் கொடுத்தார். எந்தக் கட்சி, இல்லை எதிலும் சேராதவனா என்பது போல ஏதோ கேட்டு, "ஆர் யூ இன்டிபென்டென்ட்?" என்று முடித்தார். எனக்குக் கடைசிச் சொல் மட்டும்தான் பிடிபட்டது. தனியாக இருக்கிறேனா என்று கேட்கிறார் என்று எண்ணி, "நோ மேடம், வித் வைஃப்" என்றேன். அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அன்றிலிருந்து நாங்கள் சிநேகிதர்கள்.

வியாழக்கிழமை மதியம் நூலகத்தில் ஒரு வாசிப்பு வட்டம் கூடும். ஏழெட்டு பேர், எல்லோரும் ஓய்வு பெற்றவர்கள். டாரத்திதான் தலைவி. அவர் என்னையும் இழுத்துக்கொண்டு போய் உட்கார வைத்தார். அவர்கள் படித்துக் கொண்டிருந்தது ஒரு பத்திரிகைக்காரர் எழுதிய சரித்திரம். நான்கு புத்தகம், நான்கும் செங்கல். கையில் தூக்கிப் பார்த்தே சொல்லிவிட்டேன், நான்கும் சேர்ந்து ஆறு கிலோவுக்குக் கொஞ்சம் குறையும் என்று. அமெரிக்காவின் அண்மைக்கால அரசியல். ஒரு தேர்தலில் ஒரு கட்சி மண்ணைக் கவ்வுகிறது, இனி அவ்வளவுதான் என்று எல்லோரும் எழுதிவிடுகிறார்கள், பிறகு அதே கட்சி அங்குலம் அங்குலமாக நாட்டைப் பிடிக்கிறது. எழுதியவர் பெயரையும், அதில் வரும் தலைவர்கள் பெயரையும் நான் இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால் படிக்கிறவர்கள் என்னை ஏதாவது ஒரு கட்சியில் சேர்த்துவிடுவீர்கள். இங்கே ஏற்கெனவே ஒரு முறை சேர்த்தார்கள், அதைத்தான் சொல்ல வருகிறேன்.

என் ஆங்கிலத்துக்கு ஒரு நாளைக்கு ஒரு பக்கம்தான் ஓடும். செல்போன் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எழுத்துக்கூட்டி மெல்ல உள்ளே போனேன். போகப் போக எனக்கு ஒன்று தெரிந்தது. இதை எழுதிய ஆள் நம் ஜாதி, பழைய பேப்பர் ஜாதி. தலைவர்கள் மேடையில் பேசியதை அவர் அவ்வளவாகப் பொருட்படுத்துவதில்லை. உள்ளூர்ப் பத்திரிகைக்கு வாசகர்கள் எழுதிய கோபக் கடிதம், கதவுப் பூட்டு விளம்பரம், தேவாலயத்துத் துண்டுத்தாள், அன்றைக்கு டிவியில் என்ன ஓடியது என்ற பட்டியல், இப்படி நாங்கள் கட்டிப் போடும் சங்கதிகளைப் பிரித்து வைத்துக்கொண்டு அதிலிருந்து ஒரு நாட்டின் மனத்தைச் சொல்கிறார். எனக்கு இது சட்டென்று விளங்கிற்று. கடையில் கட்டுப் போடும்போது நானும் படிப்பேன். ஒரு வருடத்துப் பேப்பரை ஒன்றாகப் பார்த்தால், முதல் பக்கத்தில் இருப்பது அடுத்த வாரமே செத்துப் போயிருக்கும். ஆறாம் பக்கத்தில் குடிதண்ணீர் வரவில்லை என்று எழுதியவர் மட்டும் அடுத்த வருடமும் உயிரோடு எழுதிக் கொண்டிருப்பார்.

இன்னொன்றும் தெரிந்தது. நம் ஊரில் அரசியல் தெருவில் நடக்கும். ஒலிபெருக்கி, கட் அவுட், பட்டாசு, சுவரெல்லாம் பெயர். தூங்குகிறவனையும் எழுப்பிச் சொல்லிவிட்டுத்தான் கட்சி நடத்துவார்கள். இங்கே அது சமையலறை மேஜையில் நடந்திருக்கிறது. நாலு பெண்கள் காபி குடித்துக்கொண்டு, பிள்ளைகளின் பாடப் புத்தகத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பேச ஆரம்பித்ததில் ஒரு ஆட்சி கவிழ்ந்திருக்கிறது. இப்போதும் ஊர் சத்தமில்லாமல்தான் இருக்கிறது. வீட்டு முன் புல்தரையில் முழங்கால் உயரத்துக்கு ஒரு அட்டை நட்டிருப்பார்கள், அதில் ஒரு பெயர். எதிர் வீட்டில் இன்னொரு பெயர். அவ்வளவுதான். ஆனால் அந்த இரண்டு வீட்டுக்காரர்களும் இருபது வருடமாகப் பேசிக்கொள்வதில்லை என்று அமுதா எங்கிருந்தோ தெரிந்துகொண்டு வந்து சொல்வாள்.

மூன்றாவது புத்தகம் முடியும் தறுவாயில் டாரத்தி எனக்கு ஒரு வேலை கொடுத்தார். நான்காவது புத்தகத்தை ஆரம்பிக்கும் வியாழக்கிழமை, முதல் பக்கத்தை நான்தான் எல்லோருக்கும் உரக்கப் படிக்க வேண்டும். பள்ளிக்கூடத்தில்கூட என்னை எந்த வாத்தியாரும் எழுந்து படிக்கச் சொன்னதில்லை. அந்தப் பக்கத்தை நகல் எடுத்து மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன். தினமும் சாப்பிட்ட பிறகு அமுதா முன்னால் நின்று படித்துக் காட்டினேன். நாலாவது நாள் அவள் சொன்னாள்: "நீங்க படிக்கிறதக் கேட்டா எனக்கு எந்தக் கட்சிக்கும் ஓட்டுப் போட வேணாம்னு தோணுதுங்க. ஆனா முன்னைக்குப் பரவால்ல."

அந்த வியாழனுக்கு இரண்டு நாள் முன்னால், செவ்வாய்க்கிழமை அது நடந்தது. அறையில் ஹீட்டர் சூடு என்பதால் ஷூவைக் கழற்றி வைத்துவிட்டு வெறும் சாக்ஸோடு இருந்தேன். தள்ளுவண்டியின் மேல் தட்டிலிருந்து மூன்றாவது புத்தகம் சரிந்து, அதன் மூலை சரியாக என் வலது கால் கட்டைவிரலில் இறங்கியது. கண்ணில் பொறி பறந்தது. விரலைப் பிடித்துக்கொள்ளத்தான் கை போயிருக்க வேண்டும். போகவில்லை. இரண்டு கையாலும் புத்தகத்தை எடுத்து, வலது கண்ணில் ஒரு முறை, இடது கண்ணில் ஒரு முறை ஒற்றிக்கொண்டு, அதன் பிறகுதான் காலைப் பார்த்தேன். அட்டையில், பக்கம் முழுக்க, அந்தத் தலைவரின் முகம் இருந்தது. இறந்து பல காலம் ஆன மனிதர், ஆனால் இந்த ஊரில் இன்னும் பாதிப் பேருக்குத் தெய்வம், மீதிப் பேருக்கு நேர் எதிர். நம் ஊரில் தொண்டர்கள் தலைவர் காலில் விழுவார்கள். இங்கே தலைவர் என் காலில் விழுந்தார், நான்தான் மன்னிப்புக் கேட்டேன்.

நிமிர்ந்தால் கதவுக் கண்ணாடிக்கு அப்பால் இரண்டு பேர். ஒருவர் டாரத்தி, கையில் திருப்பித் தர வந்த புத்தகத்தோடு. இன்னொருவர் கேரி. நூலகத்தில் ஹீட்டர், குழாய் எல்லாம் பழுது பார்க்கிறவர், எங்கள் பக்கத்து வீட்டுக்காரரும்கூட. டாரத்தியின் முகம் வெளுத்துவிட்டது. கேரி கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார். நான் என் அடிபட்ட கட்டைவிரலைப் பற்றித்தான் கேட்கிறார் என்று நினைத்து, பரவாயில்லை என்று தலையாட்டினேன்.

மறுநாள் காலை எங்கள் வீட்டு வாசலில் பனி இல்லை. கேரி அவருடைய இயந்திரத்தை வைத்துத் துப்புரவாகத் தள்ளியிருந்தார். அதுவரை எங்களைப் பார்த்து அரைத் தலை அசைப்போடு நிறுத்திக்கொண்டவர், கையைக் குலுக்கி, நீ எங்கள் ஆள் என்று எனக்கு அப்போதே தெரியும் என்றார். ஒரு தொப்பியும் கொடுத்தார். கால் அடிபட்டவனுக்கு எவ்வளவு உதவி செய்கிறார் பார் என்று அமுதாவிடம் நெகிழ்ந்து போய்ச் சொன்னேன். அவள் தொப்பியில் எழுதியிருந்ததைப் படித்துவிட்டு, "கால் வலிக்கு எதுக்குங்க தொப்பி?" என்றாள். எனக்கு அப்போதும் உறைக்கவில்லை.

வியாழக்கிழமை வட்டத்துக்கு நொண்டிக்கொண்டு போனேன். சட்டைப் பையில் அந்தப் பக்கம். டாரத்தி என் பக்கத்து நாற்காலியில் உட்காரவில்லை. நடந்த பேச்சு ஆங்கிலத்தில், தமிழில் தருகிறேன்.

"எத்தனை நாளாக உங்களுக்கு இப்படி இருக்கிறது?" என்று கேட்டார்.

"செவ்வாய்க்கிழமையிலிருந்து, மேடம். ரொம்ப வீக்கம். இப்போது கொஞ்சம் குறைகிறது."

அவர் என்னைக் கூர்ந்து பார்த்தார். "முன்பே என்னிடம் சொல்லியிருக்கலாம்."

புத்தகம் சேதமானதைச் சொல்கிறார் என்று நினைத்தேன். "பெரிதாக ஒன்றுமில்லை, மேடம். அவருக்கு ஒரு மூலைதான் மடங்கியிருக்கிறது. பசை போட்டு நான் சரி செய்துவிடுவேன்."

டாரத்தி நான்காவது புத்தகத்தை எடுத்து, பல் டாக்டராக இருந்து ஓய்வு பெற்ற ஒருவரிடம் நீட்டி, முதல் பக்கத்தைப் படிக்கச் சொன்னார். பல் டாக்டருக்குத் தொண்டை கட்டியிருந்தது. அடுத்த வாரம் பார்க்கலாம் என்று சீக்கிரமே கலைந்துவிட்டார்கள். வாசலில் ஒரு அம்மாள் என்னை ஓரமாக நிறுத்தி, டாரத்திக்கு மூன்றாவது புத்தகத்து அட்டையில் இருக்கும் மனிதர் விஷயத்தில் பழைய காயம் உண்டு என்றார். வாலிப வயதில் டாரத்தி வீடு வீடாகப் போய் அவருக்கு எதிராக வேலை செய்தவராம். டாரத்தியின் தங்கை அதே மனிதருக்காக வேலை செய்தவராம். அந்தத் தேர்தலோடு அக்காவும் தங்கையும் பேசுவதை நிறுத்தினார்கள். பிறகு பேசவே இல்லை, தங்கை போய்விட்டார். இதை ஏன் என்னிடம் சொல்கிறார் என்று யோசித்துக்கொண்டே வீட்டுக்கு வந்தேன். அடுத்த நாள் டாரத்தியின் கார் நூலகத்துக்கு வந்தது. கதவைத் தட்டும் சத்தம் வரும் என்று எழுந்து நின்றேன். தொம் என்று ஒரு சத்தம் மட்டும் வந்தது. சுவர் வழியாகத் தள்ளிவிட்டுப் போய்விட்டார்.

இந்த ஊரில் எனக்கு இருந்த ஒரே ஆள் அவர். சனிக்கிழமை காலை அந்தோணியைக் கூப்பிட்டேன். அங்கே சாயங்காலம், அவன் வலைத் துண்டு மேல் உட்கார்ந்து தேங்காய் பன் தின்று கொண்டிருந்தான். எல்லாவற்றையும் சொன்னேன்.

"கேரியா? பேக் எங்க நைனா?"

"விளையாடாதடா."

"சரி, நீ இன்னா பண்ணே, அத்த மட்டும் சொல்லு. கைல எட்த்து, மூஞ்சிகிட்ட தூக்கினு போய்?"

"கண்ணுல ஒத்திக்கிட்டேன். எப்பவும் செய்யறதுதானே."

"நம்ம தெருவுல எப்பவும் செய்யறது. அவனுக்கு இன்னா தெரியும்? எங்க கோயில்ல சாமியார் பைபிள் பட்ச்சு முட்ச்சுட்டு இன்னா பண்ணுவாரு? தூக்கி முத்தம் குடுப்பாரு. வெள்ளக்காரன் ஊர்லயும் அதான். கண்ணாடிக்கு அந்தாண்ட நின்னு பாத்தா, நீ அந்தத் தலைவரு மூஞ்சில முத்தம் குட்த்துக்கினு இருக்கே. ரெண்டு தபா. அதுவும் உருகிப் போய்."

டாரத்தி கேட்ட கேள்விகளும் நான் சொன்ன பதில்களும் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்தன. வீக்கம் குறைகிறது. பசை போட்டு ஒட்டிவிடுவேன்.

"இன்னா பண்றதுடா இப்ப?"

"வாயத் தொற. அது உனுக்கு வராது. அப்ப ஒண்ணு பண்ணு, எல்லாப் பொஸ்தவத்தையும் கால்ல போட்டுக் கும்புடு. அப்ப தெரியும் அந்தம்மாவுக்கு, நீ கட்சிக்காரன் இல்ல, லூசுன்னு."

அவன் சிரித்துவிட்டு வைத்துவிட்டான். எனக்கு ஒரு பழைய வேட்டி ஞாபகம் வந்தது. பல வருடம் முன்பு தி. நகரில் ஒரு கல்யாணத்துக்குக் கிளம்பும்போது வேட்டியில் சாம்பார் கொட்டிவிட்டது. ரங்கநாதன் தெருப் பக்கம் நடைபாதையில் குவித்துப் போட்டிருந்ததில் ஒன்றைப் பார்க்காமல் வாங்கி, அங்கேயே சுற்றிக்கொண்டு ஓடினேன். தேர்தல் முடிந்து மிஞ்சிய சரக்கு அது, ஒரு கட்சிக்கரை போட்ட வேட்டி. மண்டப வாசலில் ஒருவர், "வா வட்டம், முன்னால வந்து குந்து" என்று என்னை வட்டச் செயலாளர் ஆக்கினார். முன்வரிசை, சோடா, பந்தியில் முதல் இலை. இல்லை என்று சொல்லக் கூச்சமாக இருந்தது, உட்கார்ந்தேன். திரும்பி வரும்போது மந்தைவெளியில் டீ கேட்டேன். அது எதிர்க்கட்சிக்காரர் கடை. பால் கொதித்துக் கொண்டிருக்கும்போதே பால் இல்லை என்றார். அதுவரை வேடிக்கைதான். வீட்டுக்கு முந்தைய தெருவில் ஒரு அம்மா ஓடி வந்து, தெருக்குழாயில் தண்ணீர் வரவில்லை என்று எழுதிய மனு ஒன்றை என் கையில் திணித்துக் கும்பிட்டார். அப்போதும் நான் இல்லை என்று சொல்லவில்லை. வாங்கிப் பையில் வைத்துக்கொண்டேன். மூன்று வாரம் அது என் பையில் இருந்தது. பிறகு அண்ணாச்சியிடம் கொடுத்து உரிய இடத்தில் சேர்க்கச் சொன்னேன். அந்த மூன்று வாரமும் அந்த அம்மா குழாயைப் பார்த்துக்கொண்டு நின்றிருப்பார். கூச்சத்தில் சும்மா இருப்பதை நான் பணிவு என்று நினைத்துக் கொண்டிருந்தவன். அது பொய்யாகவும் ஆகும் என்று அன்று தெரிந்தது. இங்கே கேரி தள்ளிய பனியும் அந்த வகைதான். நான் வாங்கிப் பையில் வைத்துக்கொண்டேன்.

அடுத்த வியாழக்கிழமை தள்ளுவண்டியோடு வட்டத்துக்குள் போனேன். வண்டியில் ஐந்தாறு புத்தகம். கேரி ஜன்னல் ஓரத்தில் ஹீட்டரைக் கழற்றிப் போட்டு உட்கார்ந்திருந்தார். நல்லதுதான் என்று நினைத்தேன், ஒரே தடவையில் முடியும். எல்லோர் முன்னாலும் ஷூவைக் கழற்றினேன். பல் டாக்டர் தன் நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் இழுத்துக்கொண்டார். நான் வாயைத் திறந்தேன், சத்தம் வரவில்லை. அந்தோணி சொன்னது போலவே முதல் புத்தகத்தை எடுத்துக் காலில் போட்டேன். கேக் செய்வது எப்படி என்ற புத்தகம். எடுத்து இரண்டு கண்ணிலும் ஒற்றிக்கொண்டேன். அடுத்தது, நாய் வளர்ப்பு. காலில் போட்டு, ஒற்றிக்கொண்டேன். அடுத்தது, வருமான வரிப் படிவம் நிரப்பும் வழிகாட்டி. அடுத்தது டாரத்தி மிகவும் மதிக்கும், மற்றக் கட்சித் தலைவரைப் பற்றிய புத்தகம். கடைசியாக, ஒன்றுமே எழுதாத ஒரு நோட்டுப் புத்தகம். அது காலில் விழுந்தபோது சத்தமே இல்லை. அதையும் ஒற்றிக்கொண்டேன்.

டாரத்திதான் கேட்டார். "இவை எல்லாவற்றையும் நீங்கள் வணங்குகிறீர்களா?"

"வணங்கவில்லை, மேடம். சாரி சொல்கிறேன். கால் பட்டால் சாரி."

"யாரிடம்?"

"புத்தகத்திடம்."

"யாரைப் பற்றிய புத்தகமாக இருந்தாலும்?"

"நான் அட்டையைப் பார்ப்பதில்லை. எங்கள் ஊரில் புத்தகத்துக்குக் கட்சி கிடையாது."

"புத்தகம் என்ன சொல்லும்?"

"ஒன்றும் சொல்லாது. புத்தகம் நல்ல மனுஷன்."

சிரிப்பு ஒரு மூலையில் ஆரம்பித்தது. டாரத்தி சிரிக்கவில்லை. குனிந்து, தன் நாற்காலிக்கு அடியில் ஷூவுக்குப் பக்கத்தில் வைத்திருந்த நான்காவது புத்தகத்தைப் பார்த்தார். மெல்ல அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "வீக்கம்," என்றார். "செவ்வாய்க்கிழமையிலிருந்து." பிறகுதான் அவருக்குச் சிரிப்பு வந்தது, கண்ணாடியைக் கழற்றித் துடைக்கும் அளவுக்கு. துடைத்து முடித்தபோது அது முழுக்கச் சிரிப்பாக இல்லை. "என் தங்கையிடம் நான் இப்படி ஒரு கேள்விகூடக் கேட்டதில்லை," என்று யாரையும் பார்க்காமல் சொன்னார். புத்தகத்தை என்னிடம் நீட்டினார். படித்தேன். ஒரே தெருவில் இருப்பவர்களைப் பற்றிய பக்கம் அது. எல்லோருக்கும் ஒரே செய்தித்தாள் வருகிறது, ஆளுக்கு ஒரு பக்கத்தைப் படித்துவிட்டு வேறு வேறு நாட்டில் வாழ்கிறார்கள். மூன்று இடத்தில் தடுக்கினேன். டாரத்தி உதட்டை மட்டும் அசைத்து எடுத்துக் கொடுத்தார்.

கேரி தன் கருவிகளை எடுத்து வைத்துவிட்டுப் போனார். அன்று மாலை தொப்பியைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். வாங்கிக்கொண்டார். அடுத்த பனிக்கு அவர் இயந்திரம் அவருடைய எல்லையோடு, கோடு கிழித்தது போல நின்றது. நான் பனி அள்ளும் கை மண்வெட்டியை எடுத்துக்கொண்டு இறங்கினேன். எல்லை எங்கே என்று தெரியாமல் அவர் பக்கமும் ஒரு நாலு அடி தள்ளிவிட்டேன். அதற்கடுத்த பனிக்கு அவர் எங்கள் பக்கம் நாலு அடி தள்ளியிருந்தார். சரியாக நாலு அடி, ஒரு அங்குலம் கூடவும் இல்லை. இப்போதும் அந்த ஏற்பாடு நடக்கிறது. நாங்கள் அதைப் பற்றிப் பேசுவதில்லை.

மார்ச் மாதத்தில் ஆறு வார விடுப்பில் சென்னை வந்தேன். அங்கே எழுத ஆரம்பித்த இதை முடிப்பது இங்கிருந்துதான், கோட்டூர்புரத்தில் அமுதாவின் தம்பி வீட்டில். கிளம்பும்போது டாரத்தி தன் சொந்த முதல் புத்தகத்தை எனக்குக் கொடுத்தார். ஓரமெல்லாம் பென்சில் குறிப்பு, பாதிக்கு மேல் திட்டு. வந்த மறுநாள் அதை எடுத்துக்கொண்டு அண்ணாச்சியைப் பார்க்கப் போனேன். அவர் என்னை விசாரிப்பதற்கு முன் கையிலிருந்ததை வாங்கி, பழக்கத்தில் எலெக்ட்ரானிக் தராசில் வைத்துவிட்டார்.

"ஒண்ணரைக்குக் கொஞ்சம் கம்மி. வெளிநாட்டுப் பேப்பரு, பளபளன்னு இருக்கு. என்னல எழுதியிருக்கான் இவ்வளவு?"

"அவங்க ஊர் அரசியல், அண்ணாச்சி."

"ஜெயிச்சது யாரு?"

"அது இன்னும் முடியல."

அந்த நேரத்தில் போனில் டாரத்தியின் செய்தி வந்தது. அண்ணாச்சிக்குத் தமிழில் படித்துக் காட்டினேன். நேற்று வட்டத்தில் அவர் மடியிலிருந்த புத்தகம் சரிந்து ஷூவில் விழுந்துவிட்டதாம். என்ன செய்வதென்று தெரியவில்லையாம். எடுத்துக் கண்ணாடியில் ஒரு முறை வைத்துக்கொண்டாராம். கேரி பார்த்துவிட்டாராம். 'எந்தத் தலைவர் என்று அவர் எட்டிப் பார்த்தார், ஈலை. நல்லவேளை, அது சமையல் புத்தகம்.' அண்ணாச்சி இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று கேட்டார். ஆதியிலிருந்து சொன்னேன். அவர் கேட்டுவிட்டு, "பெரிய எடமா இருந்தா மொத்தமா ஒரு கும்பிடு போட்ரச் சொல்லு அந்தம்மாவ" என்றார்.

புத்தகத்தை வாங்கிக்கொண்டு கிளம்பத் திரும்பினேன். கடையில் முன்பைவிடச் சரக்கு அதிகம், நடக்க வழி இல்லை. கட்டிப் போடாத ஒரு செய்தித்தாள் குவியலில் என் கால் புதைந்தது. "ஓ, சாரி" என்றேன், ஆங்கிலத்தில், எதிரே ஆள் நிற்பது போல. அது வாயிலிருந்து போன பிறகுதான் கை குவியலைத் தொட்டுக் கண்ணுக்கு வந்தது.

பின்னாலிருந்து அண்ணாச்சி குரல் கொடுத்தார். "ஏல, ஒரு மிதிக்கு ரெண்டு மன்னிப்பா? ஒண்ணு போதும்ல."

வாயில் வந்ததா, கையில் வந்ததா, எது போதும் என்று அவர் சொல்லவில்லை. நான் ஒரு காலை இன்னும் பேப்பருக்குள் வைத்துக்கொண்டு நின்றேன்.